கட்டம் ஏழு: இறக்கை உண்டா, இல்லையா

பூச்சி அடையாள அறிக்கைப் படிவம், பின்பக்கம், குறிப்பு நான்கு: "‘பரவும் விதம்’ என்னும் கட்டத்தைக் கள ஆய்வுக்குப் பின்னரே நிரப்ப வேண்டும். பெறப்பட்ட மாதிரியை மட்டும் கொண்டு நிரப்புதல் கூடாது. கள ஆய்வு நடைபெறாதபோது அக்கட்டத்தின் குறுக்கே கோடிட்டுச் சுருக்கொப்பம் இட வேண்டும்."

விதியில் எந்தக் குழப்பமும் இல்லை. கோடு போடு, சுருக்கொப்பம் இடு, அடுத்த மாதிரியை எடு. ஒரு கோட்டுக்கு எவ்வளவு மை செலவாகும்? நான் அந்தக் கோட்டைப் போடாமல் விட்டவள். அதனால்தான் குறிப்பு நான்கு எனக்கு எழுத்துப் பிசகாமல் மனப்பாடம்.

ஏற்காட்டில், பயிர்ப் பாதுகாப்பு அலுவலகம் ஒன்றில், பூச்சிப் பிரிவில் தொழில்நுட்ப உதவியாளராக வேலை பார்த்து ஓய்வு பெற்றேன். இப்போது என் நாற்காலியில் இருக்கும் பெண் போன மழைக்காலத்தில் போன் செய்தாள். படிவம் ஒழிந்துவிட்டதாம். எல்லாம் செல்போன் செயலியில்தானாம். பூச்சியைப் படம் எடுத்தவுடன் செயலி கேட்கும் முதல் கேள்வி: இறக்கை உண்டா, இல்லையா? பதில் சொல்லாவிட்டால் அடுத்த பக்கம் திறக்காது.

"மேடம், ஈசலுக்கு என்னங்க மேடம் அழுத்தறது?"

"எப்பப் புடிச்ச ஈசல்?"

"நேத்து சாயந்திரம் பறந்துச்சுங்க."

"நேத்து சாயந்திரம்னா உண்டு. இன்னைக்குக் காலையிலன்னா இல்லை."

அவள் சிரித்தாள். நான் வேடிக்கைக்குச் சொல்லவில்லை. ஈசல் என்பது கரையான்தான். மழைக்குப் பிறகு ஒரு பொழுது பறக்கும். இறங்கியதும் இறக்கைகளை உதிர்த்துவிட்டு மண்ணுக்குள் போய்விடும். அதே புற்றில் வேலை செய்யும் கரையானுக்கு வாழ்நாள் முழுக்க இறக்கை கிடையாது. எறும்பும் அப்படியே. செடிப்பேனான அசுவினி இன்னும் மோசம். செடியில் இடம் இருக்கும்வரை தாய் இறக்கையில்லாத குட்டிகளாகப் போட்டுக்கொண்டே இருக்கும். நெரிசலானதும் இறக்கையுள்ள மகள்கள் பிறப்பார்கள். காப்பிப் பழத்தைத் துளைக்கும் வண்டில் பெண் பறக்கும், ஆண் பறக்காது. ஈக்கு இரண்டே இறக்கை. பின்னிரண்டும் குமிழாகச் சுருங்கிப்போனவை. பேனும் தெள்ளும் மூட்டைப்பூச்சியும் இறக்கையைக் கைவிட்ட பரம்பரை. பழைய பைல்களைத் தின்னும் வெள்ளிநிறப் பூச்சியின் பரம்பரையிலோ இறக்கை என்றைக்குமே இருந்ததில்லை. எங்கள் அலுவலகத்தில் மிகவும் செழிப்பாக இருந்த பூச்சி அதுதான்.

ஆகவே ‘இறக்கை உண்டா’ என்று யாராவது கேட்டால், ‘எந்த வயதில், ஆணா பெண்ணா, எந்த வேலையில் இருப்பது’ என்று திருப்பிக் கேட்க வேண்டும். விலங்கியல் முதுகலையில் இரண்டு ஆண்டும், பயிற்சியில் ஒன்பது மாதமும் எனக்குக் கற்றுக்கொடுத்தது சுருக்கமாக இவ்வளவுதான். வேலையில் சேர்ந்த முதல் நாள் என் முன்னால் வைத்த படிவத்தில் கட்டம் ஏழு: ‘இறக்கை: உண்டு / இல்லை. பொருந்தாததை அடிக்கவும்.’ கட்டம் எட்டு: ‘பரவும் விதம்.’

அச்சடித்த படிவம் நான் சேர்ந்த இரண்டாம் ஆண்டிலேயே தீர்ந்துபோனது. புதிதாக அச்சடிக்கக் கேட்டு எழுதினோம். அது வரும்வரை நகல் எடுத்துக்கொள்ளச் சொன்னார்கள். நகல் எடுக்கப் போனவர் முன்பக்கத்தை மட்டும் எடுத்துவந்தார். அதற்குப் பிறகு நகலிலிருந்து நகல், அதிலிருந்து இன்னொரு நகல். கட்டங்கள் மட்டும் தலைமுறை தலைமுறையாக வந்தன. பின்பக்கத்து விதிகள் முதல் நகலோடு நின்றுவிட்டன.

எங்கள் அலுவலர் குமாரவேலு சாரைப் பற்றிச் சொல்ல வேண்டும். கத்த மாட்டார். யாரையும் ஒருமையில் அழைத்ததில்லை. அலுவலக நாயையே "வாங்க, போங்க" என்றுதான் விரட்டுவார். கையெழுத்துக்கு வரும் தாளை நின்றுகொண்டே படிப்பார். ஓர் எவர்சில்வர் அளவுகோலை முதல் கட்டத்துக்கு அடியில் வைத்து, ஒவ்வொரு கட்டமாகக் கீழே இறக்குவார். காலியான கட்டம் வந்தால் ஒன்றும் சொல்ல மாட்டார். அளவுகோலை அங்கேயே விட்டுவிட்டு டீ குடிக்கப் போய்விடுவார். திரும்பி வரும்போது அந்தக் கட்டத்தில் ஏதாவது இருந்தாக வேண்டும். இல்லாவிட்டால் இன்னொரு டீ. மாலைக்குள் அவருக்குப் பித்தம் ஏறும், எங்களுக்கும் ஏறும்.

காரணம் இல்லாமல் இல்லை. முன்பு அவர் இருந்த ஊரில், அவர் கையெழுத்துப் போட்ட தாளில் காலியாக இருந்த ஒரு கட்டத்தை வேறு யாரோ பிறகு நிரப்பிவிட்டார்களாம். மூன்று ஆண்டுகள் விளக்கம் எழுதியிருக்கிறார். அந்த மனிதரிடம் போய், "சார், இந்தக் கட்டத்துல கோடு போடலாம்னு பின்பக்கத்துல விதி இருக்குதுங்க" என்றேன்.

தாளைத் திருப்பினார். வெள்ளையாக இருந்தது.

"எங்கீங்க விதி?"

"பழைய அச்சுப் படிவத்துல இருந்துச்சுங்க சார்."

"இருந்திருக்கலாங்க. காட்டுங்க, கோடு போட்டுக்கலாம்."

என்னால் காட்ட முடியவில்லை. அதன்பின் எங்கள் பிரிவில் ஒரு வழக்கம் தானாக உருவானது. கட்டம் ஏழில் ‘உண்டு’ என்றால் எட்டில் ‘பறந்து பரவும்’. ஏழில் ‘இல்லை’ என்றால் எட்டில் ‘தானாகப் பரவாது, மனிதர், கருவி, கன்று வழியே பரவும்’. யாரும் உத்தரவு போடவில்லை. அளவுகோல் நகர வேண்டும், அவ்வளவுதான்.

ஊருக்குள் ஒண்டிக்கடை முக்கில் லாட்ஜ் வைத்திருந்த ஒருவர் ஒருநாள் ஒரு தீப்பெட்டியோடு வந்தார். பெட்டிக்குள் இறக்கைகள் மட்டும் இருந்தன. உடம்பே இல்லை.

"ரூமு முழுக்க இதாங்க மேடம். வர்றவுங்க எல்லாம் ‘என்னய்யா பூச்சி ஊடு கட்டி வெச்சிருக்கே’ங்கறாங்க. பூச்சியத் தேடுனா ஒண்ணைக் காணோம். ரெக்கையக் கழட்டிப் போட்டுட்டு எங்கீங்க போகுது?"

"உங்க கதவுச் சட்டத்துக்குள்ளீங்க" என்றேன். கரையான் என்று எழுதினேன். கட்டம் ஏழில் ‘உண்டு’ என்பதா, ‘இல்லை’ என்பதா? குமாரவேலு சார் தீப்பெட்டிக்குள் எட்டிப் பார்த்தார். "ரெக்கைதாங்களே இருக்குது, உண்டுன்னே போடுங்க" என்றார். கட்டம் எட்டில் வழக்கப்படி ‘பறந்து பரவும்’ என்றாயிற்று. லாட்ஜ்காரர் அறிக்கையைப் படித்துவிட்டு எல்லா ஜன்னலுக்கும் வலை அடித்தார். கதவுச் சட்டத்தைத் தொடவில்லை. அடுத்த ஆண்டு கதவு கையோடு வந்துவிட்டது. அப்போதே எனக்கு உறைத்திருக்க வேண்டும். கதவுதானே என்று விட்டுவிட்டேன்.

பழனியம்மா விஷயம் கதவு அல்ல.

மஞ்சக்குட்டைக்கு மேலே உள்ள ஓர் எஸ்டேட்டிலிருந்து அந்த மாதிரி வந்தது. காப்பி நாற்றுகள் நான்கு, பாலித்தீன் பையோடு. தண்டிலும் இலைக் கணுவிலும் வெள்ளை மாவு அப்பியதுபோல மாவுப்பூச்சி. கண்ணை மூடிக்கொண்டு சொல்லலாம். ஆனாலும் உருப்பெருக்கியில் வைத்துப் பார்த்தேன். எல்லாம் பெண், வளர்ந்தவை. மாவுப்பூச்சிப் பெண்ணுக்கு எந்த வயதிலும் இறக்கை இல்லை. ‘உண்டு’ என்பதை அடித்தேன். கட்டம் எட்டைக் காலியாக விட்டேன். அளவுகோல் அங்கே நின்றது. சார் டீக்குப் போனார். மேசையில் இன்னும் பதினாறு மாதிரிகள் காத்திருந்தன. நான் பேனாவை எடுத்து, ‘தானாகப் பரவாது, மனிதர், கருவி, கன்று வழியே பரவும்’ என்று எழுதினேன். சார் வந்தார், அளவுகோல் இறங்கியது, கையெழுத்து விழுந்தது.

மூன்று வாரம் கழித்து ஒரு பெண் வந்தாள். ஐம்பது வயதிருக்கும். ஜீப்பில் நெருக்கியடித்து வந்த கசங்கல் சேலையில் தெரிந்தது. மடியிலிருந்து ஒரு தாளை எடுத்து விரித்து, என் மேசையில் வைத்து, விரலால் ஒரு வரியைத் தொட்டாள்.

"ஏனுங்க மேடம், இந்த எழுத்து உங்குளுதுங்களா?"

என் எழுத்துதான்.

"நானுங்க பழனியம்மா. அந்த எஸ்டேட்டு நர்சரியில இருவது வருசமா இருக்கறனுங்க. பூச்சி ரெக்கையில்லாம வராது, யாரோ கொண்டாந்துதான் உட்டுருக்கோணும்னு நீங்க எழுதியிருக்கறீங்களாம். கொண்டாந்தது நானாம்."

விஷயம் இதுதான். பள்ளத்தில் இருந்த பழைய காப்பிச்செடி பிளாக்கில் முன்பே மாவுப்பூச்சி இருந்தது. அங்கே போட்ட கூடையை நர்சரிக்குள் கொண்டுவரக் கூடாது என்பது எஸ்டேட்டின் கண்டிப்பான விதி. நர்சரிக்குப் பொறுப்பு பழனியம்மா. நர்சரி முழுக்கப் பூச்சி விழுந்ததும் எஸ்டேட்டில் கணக்கெழுதும் ரைட்டர் தங்கராசு, பழைய பிளாக் கூடையை அவள்தான் உள்ளே கொண்டுவந்தாள் என்று எழுதிவைத்தார். பார்த்தவர் யாருமில்லை. சாட்சி என் அறிக்கை. அவளை வேலையிலிருந்து நிறுத்திவைத்து, விசாரணைக்கு நாளும் குறித்துவிட்டார்கள். குற்றம் உறுதியானால் வேலை போகும். எஸ்டேட்டின் தொழிலாளர் லைனில் இருக்கும் வீட்டையும் காலி செய்ய வேண்டும்.

"நான் கூடையக் கொண்டு போகலீங்க. நர்சரிக்குன்னு பச்சைப் பெயிண்ட் அடிச்ச கூடை தனியாவே வெச்சிருக்கறன். இருவது வருசத்துல ஒரு நாளு மாத்துனதில்லீங்க."

நான் அந்த வரியை இன்னொரு முறை படித்தேன்.

"எறும்புக்குங்கூடத்தான் ரெக்கையில்லீங்க மேடம். அது எங்கூட்டுச் சக்கர டப்பாவைக் கண்டுபுடிக்கலீங்களா? அதுக்கு யாருங்க கூடை தூக்குனது?"

இரண்டு ஆண்டு முதுகலை, ஒன்பது மாதப் பயிற்சி, முப்பது ஆண்டு அனுபவம் எல்லாவற்றையும் வைத்துக்கொண்டு நான் எழுதத் தவறியதை அந்தப் பெண் நின்ற நிலையில் சொல்லிவிட்டாள். மாவுப்பூச்சியின் பெண்ணுக்கு இறக்கை இல்லை, உண்மை. ஆனால் முட்டையிலிருந்து வெளிவரும் குஞ்சுகள் தூசு அளவுதான் இருக்கும். காற்று அவற்றைத் தூக்கிக்கொண்டு போகும். எறும்பு, அவை கழிக்கும் இனிப்பு நீருக்காக, அவற்றைக் கவ்விக்கொண்டு போய் இளந்தளிரில் வைக்கும். இறக்கை இல்லாதது நகராது என்று எந்தப் பாடப்புத்தகத்திலும் இல்லை. எங்கள் கட்டம் எட்டில் மட்டும்தான் இருந்தது.

அறிக்கையைத் திருத்த வேண்டும் என்று குமாரவேலு சாரிடம் போனேன். அவர் பொறுமையாகக் கேட்டார்.

"திருத்தலாங்க மேடம். அறிக்கை யாருக்குக் குடுத்தமோ அவுங்க எழுதிக் கேக்கோணும். விதி."

"எஸ்டேட்டுக்குக் குடுத்ததுங்க சார். அவுங்களுக்கு இந்த அறிக்கை வசதியா இருக்குது. அவுங்க எதுக்குக் கேக்கப் போறாங்க?"

"அந்தம்மா கேட்டாச் செல்லாதுங்க. அவுங்க மாதிரி அனுப்புனவுங்க இல்லைங்களே."

"அவுங்க ஊடு போகப் போகுதுங்க சார்."

"எனக்குப் புரியுதுங்க. நொம்பச் சங்கடந்தான்." உண்மையாகவே சங்கடப்பட்டார். ஆனால் சங்கடத்துக்குக் கட்டம் இல்லை.

அன்று பிற்பகல் அந்த நான்கு நாற்றுகளையும் மறுபடியும் எடுத்து இலை இலையாகப் பார்த்தேன். ஒரு கணுவில், பஞ்சுபோன்ற கூட்டுக்குள், ஆண் ஒன்று கிடைத்தது. மாவுப்பூச்சியில் ஆணைப் பார்ப்பதே அபூர்வம். கொசுவைவிடச் சிறியது. ஒரே ஒரு ஜோடி இறக்கை, கண்ணாடிபோல. சார் உருப்பெருக்கியில் குனிந்தார். நிமிர்ந்தபோது முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம்.

"மேடம், ரெக்கை இருக்குதுங்களே! அதே மாதிரியில புதுசாக் கண்டுபுடிச்ச தகவல்னா நாமளாவே திருத்தலாங்க, அதுக்கு விதி இடங்குடுக்குது. ஏழுல உண்டுன்னு போட்டுட்டா எட்டுல பறந்து பரவும். அந்தம்மா தப்பிச்சாங்க. இப்பவே எழுதுங்க."

ஐந்து நிமிடத்து வேலை. பேனாவைத் திறந்தும்விட்டேன். அந்த ஐந்து நிமிடத்தை நான் பெருமையாகச் சொல்லிக்கொள்ள முடியாது. மனசு அந்தப் பக்கம்தான் சாய்ந்தது. ஆனால் அந்த ஆணுக்கு வாய் கிடையாது. தின்னாது. சில நாள் உயிரோடிருந்து, பெண்ணைத் தேடி, முடிந்துபோகும். முட்டை இடாது. ஆயிரம் ஆண்கள் பறந்து போனாலும் ஒரு நாற்றில்கூடப் பூச்சி பிடிக்காது.

"இது பறக்குங்க சார். ஆனா பரப்பாது. நாளைக்கு எஸ்டேட்டுல ஒரு படிச்சவரைக் கூட்டிட்டு வந்து கேட்டாங்கன்னா, நாம பொய் எழுதுனதாத்தான் ஆகும். அந்தம்மாவும் பொய்யின்னு ஆயிருவாங்க."

"நீங்க சொல்றது எனக்குப் புரியுதுங்க மேடம். கட்டத்துக்குப் புரியாதுங்களே."

விதிகளோடு முப்பது ஆண்டு குடித்தனம் நடத்தியதில் ஒரே ஒரு லாபம், எந்த விதி எந்தக் கோப்பில் உறங்குகிறது என்று தெரியும். ‘அறிக்கை வழங்கப்பட்ட பூச்சித் தாக்குதலை அலுவலகம் தானாக முன்வந்து தொடர் ஆய்வு செய்யலாம்’ என்று ஒரு பழைய சுற்றறிக்கை இருந்தது. தேடி எடுத்தேன். சார் அளவுகோல் வைத்துப் படித்தார். இரண்டு முறை. "ஜீப்பு வியாழக்கிழமை சும்மாதாங்க இருக்குது" என்றார்.

வியாழக்கிழமை போனோம். நர்சரி, பழைய பிளாக்குக்கு நேர் மேலே, சரிவில் இருந்தது. பகலில் வெயில் ஏற ஏறப் பள்ளத்திலிருந்து காற்று மேலே ஏறும். அந்த மலையில் நடந்த எவருக்கும் தெரிந்த விஷயம். நர்சரிக்குக் கீழ்ப்புறத்து இரும்புக் குழாயில், பத்துக் கண்ணாடிச் சில்லுகளில் விளக்கெண்ணெய் தடவி, நூலில் கட்டித் தொங்கவிட்டேன். நூலில் கிரீஸ் பூசினேன், எறும்பு இறங்கி வராமலிருக்க. ஒவ்வொரு சில்லிலும் எண், நேரம், திசை. நர்சரிக்குள் யாரும் வராத மூலையாகப் பார்த்து இன்னும் இரண்டு, மொத்தம் பன்னிரண்டு.

ரைட்டர் தங்கராசு கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்த்தார். "என்னங்க மேடம், கண்ணாடியத் துவைச்சுக் காயப் போடறீங்களா?"

"ஆமாங்க. மூணு நாளைக்கு யாரும் தொடக் கூடாது. கூடையும் பக்கத்துல வரக் கூடாது."

"கூடை எதுக்குங்க வருது? கூடைக்காரிதான் ஊட்டுல உக்காந்திருக்கறாளே."

"அதுக்குத்தாங்க இப்பத் தொங்க உடறேன்" என்றேன். அவருக்கு உடனே விளங்கவில்லை. குமாரவேலு சாருக்கு விளங்கியது. தொப்பியைச் சரிசெய்வதுபோல முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

ஞாயிற்றுக்கிழமை நானே பஸ் பிடித்துப் போய்ச் சில்லுகளை எடுத்துவந்தேன். உருப்பெருக்கியில் முதல் சில்லு வெறும் மகரந்தம். இரண்டாவதில், எண்ணெயில் ஒட்டிக்கொண்டு, ஆறு காலும் விரித்தபடி ஓர் இளமஞ்சள் குஞ்சு. மூன்றாவதில் மூன்று. பன்னிரண்டில் ஏழு சில்லுகளில் இருந்தன. ஒன்றுக்கும் இறக்கை இல்லை. பழனியம்மா மூன்று வாரமாக அந்த இடத்தை மிதிக்கவில்லை. கூடை வரவில்லை. எறும்பு இறங்கவில்லை. அவை காற்றில்தான் வந்தன.

திங்கட்கிழமை குமாரவேலு சார் ஏழு சில்லுகளையும் வரிசையாகப் பார்த்தார். உருப்பெருக்கியின் விளக்கை அணைத்தார். பிறகு, "இத்தனை வருசம் நாம எத்தனை தாள்ல அப்படி எழுதியிருப்பமுங்க?" என்றார். நான் சில்லுகளைக் கைக்குட்டையில் சுற்றினேன்.

மாதிரிக்கு வெளியே கிடைத்த தகவல் என்பதால், அறிக்கையைத் திருத்தவும், எஸ்டேட் விசாரணையில் நான் சாட்சி சொல்லவும் அனுமதி கேட்டு அன்றே தலைமை அலுவலகத்துக்கு எழுதினார். அரசு ஊழியர் அனுமதியின்றி இப்படிப்பட்ட விசாரணைக்குப் போகக் கூடாது. கடிதத்தில் ‘அவசரம்’ என்று சிவப்பு மையில் எழுதி, கீழே இரண்டு கோடு போட்டார். அவர் சிவப்பு மையைத் தொட்டு நான் பார்த்தது அன்றுதான். விசாரணைக்குப் பதினோரு நாள் இருந்தது. ஐந்தாம் நாள் நினைவூட்டு. எட்டாம் நாள் தொலைபேசி. "பார்வைக்கு வெச்சிருக்குதுங்க" என்றார்கள். யார் பார்வைக்கு என்று சொல்லவில்லை. பத்தாம் நாள் மாலை சார் என் மேசைக்கு வந்தார்.

"பதிலு வரலீங்க மேடம். அனுமதியில்லாம நான் உங்களைப் போகச் சொல்ல முடியாதுங்க."

"நாளைக்குத் தற்செயல் விடுப்பு வேணுங்க சார்."

விடுப்பு விண்ணப்பத்தில் ‘காரணம்’ என்று ஒரு கட்டம் உண்டு. ‘சொந்த வேலை’ என்று எழுதினேன். அளவுகோல் அங்கே சற்று நின்றது. பிறகு இறங்கியது.

எஸ்டேட் ஆபீசில் நீளமான மேசை. மறுகோடியில் மேனேஜர், இந்தப் பக்கம் தங்கராசு. சுவரோரம் பழனியம்மா, நாற்காலி இருந்தும் நின்றுகொண்டிருந்தாள். மேனேஜர் என்னைப் பார்த்ததும் எழுந்தார். மரியாதை தெரிந்த மனிதர்.

"ஆபீஸ் சார்பா வந்திருக்கீங்களா மேடம்?"

"இல்லீங்க. லீவுல வந்திருக்கறேன்."

"அப்புறம் எந்த முறையில?"

"அந்தக் கட்டத்தை நிரப்புனவ, அந்த முறையிலீங்க."

கைக்குட்டையிலிருந்து சில்லுகளை எடுத்து வரிசையாக வைத்தேன். கைலென்ஸைக் கொடுத்தேன். எங்கே வைத்தேன், எப்போது எடுத்தேன், நூலில் ஏன் கிரீஸ் என்பதைச் சொன்னேன். மேனேஜர் ஜன்னல் வெளிச்சத்தில் ஒவ்வொன்றாகப் பார்த்தார்.

தங்கராசு, "ரெக்கையில்லைன்னு அவுங்கதானுங்க எழுதியிருக்காங்க" என்றார்.

"இப்பவும் இல்லீங்க" என்றேன். "பூச்சிக்கு ரெக்கையில்லைங்கறது சரி. அதனால ஆளுதான் தூக்கிட்டு வந்திருக்கோணும்னு எழுதுனது தப்பு. அந்தத் தப்பு என்னுது. நர்சரிக்கு நான் வந்து பாக்காமயே எழுதிட்டேன்."

மேனேஜர் லென்ஸைக் கீழே வைத்தார். "இதை எழுத்துல குடுப்பீங்களா? உங்க அறிக்கை கையெழுத்தோட இருக்கு. வாய்ப்பேச்சை வெச்சு நான் அதை ஒதுக்க முடியாது."

நியாயம்தான். வெள்ளைத்தாள் வாங்கினேன். கள ஆய்வு செய்யாமல், குறிப்பு நான்குக்கு மாறாக, கட்டம் எட்டை நானே நிரப்பினேன் என்று எழுதி, முழுக் கையெழுத்தும் பதவியும் போட்டேன். தாளை நீட்டும்போதே எனக்குத் தெரியும், இது சுற்றி வந்து என் மேசையில்தான் விழும் என்று.

வெளியே வந்தபோது பழனியம்மா பின்னாலேயே வந்தாள். நன்றி சொல்வாள் என்று நினைத்தேன்.

"ஏனுங்க மேடம், இத முன்னாடியே வந்து பாத்திருந்தா என்னங்க?"

"பாத்திருக்கோணுங்க."

"ஆமாங்க, பாத்திருக்கோணும்" என்றாள். பிறகு, "பஸ்ஸுக்கு இன்னும் நேரமிருக்குது, ஊட்டுக்கு வந்து ஒரு வாய் காப்பி குடிச்சுட்டுப் போங்க" என்றாள். போனேன். காப்பி எஸ்டேட்டில் வேலை செய்பவர் வீட்டில், கடையில் வாங்கிய பொட்டலத் தூளில் போட்ட காப்பி. சூடாக இருந்தது.

ஒரு வாரத்தில் அவளை நர்சரிக்குத் திரும்ப எடுத்துக்கொண்டார்கள். வீடு தப்பியது. தங்கராசு, யாரும் பார்க்காத கூடையைப் பற்றி எழுதியதற்கு வருத்தம் தெரிவித்ததாகத் தகவல் இல்லை.

என் தாள் பத்து நாளில் சுற்றி வந்தது. அனுமதியின்றி விசாரணைக்குச் சென்றது ஏன், அலுவலக அறிக்கைக்கு மாறாக எழுதிக் கொடுத்தது ஏன் என்று குறிப்பாணை. அனுமதிக் கடிதம்தான் நகரவில்லை. குறிப்பாணைக்கு மட்டும் எங்கிருந்தோ வேகம் வந்துவிட்டது. அலுவலர் என்ற முறையில் குமாரவேலு சார்தான் அதை என்னிடம் கொடுத்துக் கையெழுத்து வாங்க வேண்டும். வாங்கினார். நான் நான்கு பக்கம் விளக்கம் எழுதினேன். ‘விளக்கம் திருப்தி / திருப்தியில்லை’ என்ற இடத்தில் அவர் ‘திருப்தி’ என்பதை நேராக அடித்தார்.

"அனுமதியில்லாமத்தாங்களே போனீங்க" என்றார்.

"ஆமாங்க சார்."

"வேற எப்படிங்க எழுதறது?"

எனக்குக் கோபம் வந்தது, இப்போதும் வருகிறது. அவர் பொய் எழுதவில்லை என்பதுதான் கோபத்தின் பாதி. கிடைக்கவேண்டிய பதவி உயர்வு அதோடு நின்றது. சேர்ந்த நாற்காலியிலேயே ஓய்வு பெற்றேன். சார் எனக்கு முன்பே ஓய்வு பெற்றுச் சேலத்துக்கு இறங்கிவிட்டார். போகும் முன், விசாரணைக்கான அனுமதி கேட்டு நான்காவது நினைவூட்டு எழுதி அனுப்பினார். விசாரணைதான் எப்போதோ முடிந்துவிட்டதே சார் என்றேன். "அந்தக் கோப்பை இன்னும் மூடலீங்களே மேடம்" என்றார்.

இவ்வளவையும் இப்போது எழுதக் காரணம், என் நாற்காலியில் இருக்கும் அதே பெண் மறுபடியும் போன் செய்ததுதான். தலைமை அலுவலகத்திலிருந்து என் பெயரில் ஒரு கடிதம் வந்திருக்கிறது, படிக்கட்டுமா என்றாள். படி என்றேன். எஸ்டேட் விசாரணையில் சாட்சி சொல்ல அனுமதி கோரிய கடிதமும், அதைத் தொடர்ந்த நான்கு நினைவூட்டுகளும் பார்வையில் காணப்பட்டனவாம். கோரிக்கை பரிசீலனையில் உள்ளதாம். முடிவெடுக்கும் முன், மேற்படி பூச்சிக்கு இறக்கை உண்டா இல்லையா என்பதை ஒரே சொல்லில் தெளிவுபடுத்தி, மறு தபாலில் அனுப்பிவைக்க வேண்டுமாம்.

கடிதம் வந்து சேர்ந்த தேதி என்ன என்று கேட்டேன். முத்திரையைப் பார்த்துச் சொன்னாள்: பிப்ரவரி பதினேழு, செவ்வாய்க்கிழமை. விசாரணை முடிந்து ஒன்பதாவது ஆண்டு.